அமெரிக்கக் கறுப்பினப் பத்திரிகைகளும் சிவில் உரிமைப் போராட்டமும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பதில்கள் ஒரே நீளத்தில் இல்லை. சில கேள்விகளுக்கு நான்கு வரி போதும். சிலவற்றுக்கு நடந்ததை முழுக்கச் சொன்னால்தான் விளங்கும். எதைப் படித்தாலும் ஒன்றைக் கவனித்துக்கொண்டே வாருங்கள்: அந்தப் பத்திரிகை யாருடைய காசில் நடந்தது?

கறுப்பினப் பத்திரிகை என்று எதைச் சொல்கிறோம்? முதல் பத்திரிகை எது?

கறுப்பின மக்களே உரிமையாளர்களாக இருந்து, தங்கள் மக்களுக்காக எழுதி, பெரும்பாலும் அந்த மக்கள் கொடுத்த சில்லறையிலேயே ஓடிய பத்திரிகைகள் இவை. முதலாவது ‘ஃப்ரீடம்ஸ் ஜர்னல்’. 1827 மார்ச் 16 அன்று நியூயார்க்கில் வெளிவந்தது. நடத்தியவர்கள் பாதிரியார் சாமுவேல் கார்னிஷும் கல்லூரிப் படிப்பை அப்போதுதான் முடித்திருந்த ஜான் ரஸ்வர்மும். “எங்கள் வழக்கை நாங்களே எடுத்துரைக்க விரும்புகிறோம். மற்றவர்கள் எங்களுக்காகப் பேசியது போதும்” என்ற பொருளில் முதல் இதழிலேயே எழுதினார்கள். இரண்டு ஆண்டுகளில் பத்திரிகை நின்றுபோனது. 1847இல் ஃப்ரெடரிக் டக்ளஸ் ராச்செஸ்டர் நகரில் ‘நார்த் ஸ்டார்’ தொடங்கினார். தென் மாநிலங்கள் பலவற்றில் அடிமைகளுக்கு எழுதப் படிக்கக் கற்றுக்கொடுப்பதே குற்றமாக இருந்த காலம் அது.

ஊருக்கு ஊர் நாளிதழ்கள் இருந்தனவே, தனியாக ஒன்று எதற்கு?

அந்த நாளிதழ்களில் கறுப்பினத்தவர் பிறக்கவில்லை, மணமுடிக்கவில்லை, இறக்கவும் இல்லை. திருடினார்கள், கைதானார்கள், அவ்வளவுதான் செய்தி. தென் மாநிலப் பத்திரிகைகளில் வெள்ளைக்காரப் பெண்ணின் பெயருக்கு முன்னால் ‘திருமதி’ வரும். கறுப்பினப் பெண்ணுக்கு அந்த மரியாதை கிடையாது. கறுப்பினப் பத்திரிகையின் உள்பக்கங்களில் தேவாலய விருந்து, பட்டமளிப்பு, யார் வீட்டுக்கு எந்த ஊரிலிருந்து விருந்தாளி வந்தார் என்பவை நெருக்கமாக அச்சாகியிருக்கும். இன்று பார்த்தால் வெட்டிப் பேச்சாகத் தெரியலாம். தன் அம்மாவின் பெயரை மரியாதையோடு அச்சில் பார்க்க வேறு இடமே இல்லாதவர்களுக்கு அந்தப் பக்கங்கள்தான் முதல் பக்கம்.

கறுப்பினத்தவர் சம உரிமை கேட்டு நடத்திய சிவில் உரிமைப் போராட்டம் உச்சத்தில் இருந்தபோதும் இந்த நிலை பெரிதாக மாறவில்லை. 1963இல் வாஷிங்டன் பேரணி முடிந்த மறுநாள், நகரத்திலிருந்து ‘நீக்ரோ குப்பை’ அகற்றப்பட்டதால் வாஷிங்டன் மீண்டும் சுத்தமானது என்று தலைப்பிட்டது மிசிசிப்பியின் ‘கிளாரியன்-லெட்ஜர்’. கென்டக்கி மாநிலத்தின் லெக்சிங்டன் நகர நாளிதழ், சிவில் உரிமை இயக்கச் செய்திகளைத் தான் புறக்கணித்ததற்கு 2004இல் முதல் பக்கத்தில் வருத்தம் தெரிவித்தது. நாற்பது ஆண்டுகள் கழித்து ஒரு திருத்தம்!

ஐடா பி. வெல்ஸ் என்ற பெயர் ஏன் அடிக்கடி வருகிறது?

செய்தி சேகரிப்பதையே ஆயுதமாக்கிக் காட்டியவர் என்பதால். 1862இல் மிசிசிப்பியில் அடிமையாகப் பிறந்தவர். மெம்ஃபிஸ் நகரில் பள்ளி ஆசிரியையாக இருந்தபடியே ‘ஃப்ரீ ஸ்பீச்’ பத்திரிகையின் பங்குதாரரும் ஆசிரியருமானார், பள்ளிகளின் அவல நிலையை எழுதியதால் ஆசிரியை வேலை போனது. அந்தப் பத்திரிகை இளஞ்சிவப்புத் தாளில் அச்சானது. எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் ‘ஃப்ரீ ஸ்பீச்’ கேட்டால், விற்கிற பையன்கள் வேறு பத்திரிகையைக் கையில் திணித்து ஏமாற்றினார்களாம். நிறத்தைப் பார்த்து வாங்கட்டும் என்று தாளையே மாற்றிவிட்டார்கள். படிக்கத் தெரியாதவரும் காசு கொடுத்து வாங்கி, தெரிந்தவரைப் படிக்கச் சொல்லிக் கேட்ட பத்திரிகை என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

1892 மார்ச்சில் தாமஸ் மாஸ், கால்வின் மெக்டவல், வில் ஸ்டூவர்ட் என்ற மூவரைச் சிறையிலிருந்து இழுத்துச் சென்று ஒரு கும்பல் சுட்டுக் கொன்றது. அவர்கள் நடத்திய மளிகைக் கடை, எதிரே கடை வைத்திருந்த வெள்ளைக்காரரின் வியாபாரத்தைப் பாதித்ததுதான் பகையின் வேர். தாமஸ் மாஸ் வெல்ஸின் நெருங்கிய நண்பர். இந்த ஊரில் நமக்கு நீதி இல்லை, காசைச் சேர்த்துக்கொண்டு கிளம்புங்கள் என்று வெல்ஸ் எழுதினார். மக்கள் குடும்பம் குடும்பமாக ஓக்லஹோமா பக்கம் கிளம்பினார்கள். இருந்தவர்கள் டிராமில் ஏறுவதை நிறுத்தினார்கள். சில வாரங்களில் டிராம் கம்பெனி அதிகாரிகள் பத்திரிகை அலுவலகத்துக்கே வந்துவிட்டார்கள். கறுப்பின மக்கள் மின்சார டிராமைக் கண்டு பயப்படுகிறார்கள் போலிருக்கிறது, பயமில்லை என்று நீங்கள் எழுத வேண்டும் என்று கேட்டார்கள். பயம் மின்சாரத்தைக் கண்டு அல்ல என்பதை அவர்களுக்கு விளக்கி அனுப்பிவிட்டு, அந்தச் சந்திப்பையே அடுத்த இதழில் செய்தியாக்கினார் வெல்ஸ்.

கும்பல் கொலைகளுக்கு வழக்கமாகச் சொல்லப்பட்ட காரணம், கொல்லப்பட்டவன் வெள்ளைக்காரப் பெண்ணைக் கெடுத்தான் என்பது. அது நைந்துபோன பொய் என்று மே மாதம் அவர் தலையங்கம் எழுதியதும், அவர் வெளியூர் சென்றிருந்த நேரம் பார்த்து அலுவலகத்தை அடித்து நொறுக்கினார்கள். திரும்பினால் உயிருக்கு ஆபத்து. நியூயார்க்கிலேயே தங்கி, ‘நியூயார்க் ஏஜ்’ பத்திரிகையில் எழுதத் தொடங்கினார். கும்பல் கொலைகளின் எண்ணிக்கையை அவர் வெள்ளையர் பத்திரிகைகளிலிருந்தே எடுத்தார். மிகைப்படுத்துகிறாய் என்று யாரும் சொல்ல முடியாது, கணக்கு அவர்களுடையது. மூன்றில் ஒரு பங்கு கொலைகளில்தான் பாலியல் குற்றச்சாட்டே இருந்தது என்று அந்தக் கணக்கை வைத்தே காட்டினார். 2020இல் அவருக்குப் புலிட்சர் சிறப்பு அங்கீகாரம் வழங்கப்பட்டது. அவர் இறந்தது 1931இல்.

அலுவலகத்தைத் தாக்கியது அந்த ஒரு முறைதானா?

இல்லை. 1898 நவம்பர் 10 அன்று வட கரோலினாவின் வில்மிங்டனில் அலெக்ஸாண்டர் மேன்லி நடத்திய ‘டெய்லி ரெக்கார்ட்’ அலுவலகத்தைக் கொளுத்தினார்கள். அதே நாளில் பலரைக் கொன்று, தேர்தலில் வென்று ஆட்சியில் இருந்த நகர நிர்வாகத்தையும் கவிழ்த்தார்கள். மேன்லி தப்பிவிட்டார். ஆட்சியைக் கவிழ்க்க வந்தவர்கள் முதலில் போய் நின்ற இடம் ஓர் அச்சகம் என்பதைக் கவனியுங்கள்.

‘சிகாகோ டிஃபெண்டர்’ பல லட்சம் பேரை இடம்பெயர வைத்தது என்கிறார்களே, உண்மையா?

அது ஒன்றே காரணம் என்று சொல்வது மிகை. முதல் உலகப் போரால் ஐரோப்பியக் குடியேற்றம் நின்று, வடக்கில் தொழிற்சாலைகளுக்கு ஆள் கிடைக்கவில்லை. தெற்கில் பருத்தியை வண்டு அழித்துக்கொண்டிருந்தது. ஆனாலும், கிளம்பலாமா வேண்டாமா என்று தயங்கியவர்களைக் கிளப்பியதில் டிஃபெண்டருக்கு இருந்த பங்கு வேறு எந்தப் பத்திரிகைக்கும் இல்லை.

ஜார்ஜியாவிலிருந்து வந்த ராபர்ட் அபட், சட்டம் படித்தும் நிறத்தால் வக்கீல் தொழில் செய்ய முடியாமல் போனவர். 1905 மே 5 அன்று 25 சென்ட் முதலீட்டில், குடியிருந்த வீட்டின் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து 300 பிரதிகளோடு பத்திரிகையைத் தொடங்கினார். வீட்டுக்காரம்மாள் வாடகைக்கு நெருக்கவில்லை என்பது பத்திரிகை வரலாற்றில் பதிய வேண்டிய செய்தி. அடுத்த பதினைந்து ஆண்டுகளில் விற்பனை இரண்டு லட்சத்தைத் தாண்டியது. வாசகர்களில் பெரும்பகுதி சிகாகோவுக்கு வெளியே இருந்தார்கள்.

அவர்களிடம் பத்திரிகையைக் கொண்டுசேர்த்தவர்கள் புல்மேன் ரயில் பெட்டிகளில் பயணிகளுக்குப் படுக்கை விரித்து, ஷூவுக்குப் பாலிஷ் போட்ட கறுப்பினப் போர்ட்டர்கள். சில ஊர்களில் டிஃபெண்டர் வைத்திருந்தாலே வம்பு. அதனால் கட்டுகளை ரயிலில் மறைத்து எடுத்துச் சென்று, ஆள் நடமாட்டம் இல்லாத இடத்தில் வீசிவிட்டுப் போவார்கள். அங்கிருந்து முடிதிருத்தகம், தேவாலயம் என்று போய், ஒருவர் உரக்கப் படிக்கப் பலர் கேட்பார்கள்.

வடக்கு நோக்கிய ரயில் நேரங்கள், வேலை விளம்பரங்கள், சிகாகோ வந்தால் எங்கே தங்குவது என்பவற்றோடு, எங்கே யாரைக் கட்டிவைத்து எரித்தார்கள் என்ற செய்தியும் பக்கத்திலேயே இருக்கும். தலையங்கமே தேவையில்லை. 1917 மே 15 அன்று ‘வடக்கே போகும் மாபெரும் புறப்பாடு’ என்று ஒரு நாளையே குறித்தது டிஃபெண்டர். எனக்கு ஒரு டிக்கெட் அனுப்புங்கள், எந்த வேலையும் செய்வேன் என்று பத்திரிகைக்கு வந்து குவிந்த கடிதங்கள் இன்றும் படிக்கக் கிடைக்கின்றன. பண்ணையார்கள் அரண்டார்கள். ஜார்ஜியாவின் மேக்கன் நகரம், ஆள் பிடிக்க வரும் ஏஜென்டுகள் 25,000 டாலர் கட்டி உரிமம் எடுக்க வேண்டும் என்று விதித்தது. சிகாகோவில் 1910இல் சுமார் 44,000ஆக இருந்த கறுப்பின மக்கள்தொகை 1920இல் 1,09,000ஐத் தாண்டியது. வாக்களிக்க முடியாத ஊரிலிருந்து வாக்களிக்க முடிந்த ஊருக்கு வந்தவர்கள் இவர்கள். பிற்காலத்தில் வாஷிங்டனில் சிவில் உரிமைச் சட்டங்களுக்கு அழுத்தம் கொடுத்ததில் இந்த வாக்குகளுக்குப் பங்குண்டு.

டிஃபெண்டர் எழுதியதெல்லாம் நம்பகமானதா?

இல்லை. சிவப்பு மையில் கொட்டை எழுத்துத் தலைப்பு, ரத்தம் சொட்டும் வர்ணனை எல்லாம் உண்டு. 1919இல் சிகாகோவில் 38 பேர் பலியான கலவரத்தின்போது, ஒரு பெண்ணும் அவள் குழந்தையும் கும்பலால் கொல்லப்பட்டதாக ஆதாரமில்லாத செய்தியை வெளியிட்டு எரிகிற தீயில் எண்ணெய் ஊற்றியது. அந்தக் கலவரத்தை ஆராய்ந்த குழுவே இதைக் குறிப்பிட்டது. அபட்டும் அந்தக் குழுவில் ஓர் உறுப்பினர்! இன்னொரு முரண், இனப் பெருமை பேசிய அதே பக்கத்தின் அடியில் சருமத்தை வெளுப்பாக்கும் களிம்புக்கு விளம்பரம் வரும். பெரிய கம்பெனிகள் விளம்பரம் தராத பத்திரிகைகள் அவை. வந்ததை வாங்கிப் போட்டார்கள்.

‘இரட்டை வெற்றி’ இயக்கம் என்பது என்ன?

1942 ஜனவரி 31 அன்று ‘பிட்ஸ்பர்க் கூரியர்’ ஒரு வாசகர் கடிதத்தை வெளியிட்டது. எழுதியவர் ஜேம்ஸ் தாம்சன், 26 வயது, கன்சாஸ் மாநிலத்தின் விச்சிட்டாவில் ஒரு விமானத் தொழிற்சாலையின் கேண்டீன் ஊழியர். பாதி அமெரிக்கனாக வாழ்வதற்காகவா நான் உயிரைக் கொடுக்க வேண்டும் என்று கேட்டிருந்தார். வெளியே ஹிட்லர் கூட்டணியை வெல்வது ஒரு வெற்றி. உள்நாட்டில் நம்மை அடிமைப்படுத்துபவர்களை வெல்வது இன்னொரு வெற்றி. இரண்டும் வேண்டும் என்றார். அடுத்த வாரமே இரண்டு ‘வி’ எழுத்துகளும் ஒரு கழுகும் கொண்ட சின்னத்தை முதல் பக்கத்தில் போட்டது கூரியர். சட்டையில் குத்தும் பொத்தான், பாட்டு, அழகிப் போட்டி, ‘வி’ வடிவில் சிகை அலங்காரம் என்று ஊரெல்லாம் பரவியது. 1947வாக்கில் கூரியரின் வார விற்பனை 3,50,000ஐத் தாண்டியது.

எஃப்.பி.ஐ. தலைவர் எட்கர் ஹூவருக்கு இது தேசத்துரோகமாகப்பட்டது. வழக்குப் போடத் துடித்தார். ராணுவ முகாம்கள் சிலவற்றில் இந்தப் பத்திரிகைகள் பறிமுதல் செய்யப்பட்டன. 1942 ஜூனில் டிஃபெண்டரின் உரிமையாளர் ஜான் செங்ஸ்டாக் (அபட்டின் தம்பி மகன் முறை) வாஷிங்டன் சென்று அரசுத் தலைமை வழக்கறிஞர் ஃபிரான்சிஸ் பிடிலைச் சந்தித்தார். மேசை மேல் கறுப்பினப் பத்திரிகைகள் விரித்துக் கிடந்தன. எழுதுவதை நிறுத்த மாட்டோம், மூடுவதானால் மூடுங்கள். ஆனால் உங்கள் அதிகாரிகள் எங்கள் நிருபர்களிடம் பேசவே மறுக்கிறார்களே, பேசினால் அரசுத் தரப்பையும் போடுவோம் என்றார் செங்ஸ்டாக். வழக்கு எதுவும் போடப்படவில்லை. ராணுவத்தில் நிறப் பாகுபாட்டை ஒழிக்கும் அதிபர் ட்ரூமனின் ஆணை 1948 ஜூலையில் வந்தது.

விளையாட்டுப் பக்கங்களுக்கு இதில் பங்கு உண்டா?

நிறைய. கூரியரின் வெண்டல் ஸ்மித், ‘ஆஃப்ரோ-அமெரிக்கன்’ இதழின் சாம் லேசி ஆகியோர் பேஸ்பாலின் பெரிய அணிகளில் கறுப்பினத்தவரைச் சேர்க்காத நிறத்தடையை நீக்கச் சொல்லி ஆண்டுக்கணக்கில் எழுதினார்கள். 1947இல் கறுப்பின வீரர் ஜாக்கி ராபின்சன் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணிக்குள் நுழைந்தபோது ஸ்மித் அவரோடு ஊர் ஊராகச் சென்றார். பல மைதானங்களில் ஸ்மித்துக்கு நிருபர் மாடத்தில் இடம் தரவில்லை. ரசிகர்களோடு உட்கார்ந்து எழுதினார்.

எம்மெட் டில் வழக்கில் கறுப்பின நிருபர்கள் என்ன செய்தார்கள்?

படத்தைப் பற்றிப் பலருக்குத் தெரியும். சிகாகோவிலிருந்து மிசிசிப்பிக்கு உறவினர் வீட்டுக்குப் போன 14 வயதுச் சிறுவனை 1955 ஆகஸ்ட் 28 அன்று கடத்திச் சித்திரவதை செய்து, கொன்று ஆற்றில் போட்டார்கள். சவப்பெட்டியைத் திறந்தே வைக்க வேண்டும் என்று தாய் மேமி டில் சொன்னார். சிதைந்த அந்த முகத்தை டேவிட் ஜாக்சன் படமெடுத்தார். ‘ஜெட்’ வார இதழும் ‘டிஃபெண்டர்’ போன்ற பத்திரிகைகளும் வெளியிட்டன. பெரிய நாளிதழ்கள் போடவில்லை.

அதிகம் பேசப்படாதது நீதிமன்றத்தில் நடந்தது. செப்டம்பர் 19 அன்று சம்னர் என்ற சிற்றூரில் விசாரணை தொடங்கியது. வெள்ளைக்கார நிருபர்களுக்கு முன்வரிசை. கறுப்பின நிருபர்களுக்கு ஓரமாக ஒரு சீட்டாட்ட மேசை. அதைச் சுற்றி நெருக்கியடித்துக்கொண்டு ‘ஜெட்’டின் சிமியன் புக்கர், ஜேம்ஸ் ஹிக்ஸ், மெம்ஃபிஸ் ‘ட்ரை-ஸ்டேட் டிஃபெண்டர்’ ஆசிரியர் அலெக்ஸ் வில்சன், ‘எபனி’யின் கிளோட்டி மர்டாக் முதலியோர். டெட்ராய்ட்டிலிருந்து வந்த நாடாளுமன்ற உறுப்பினர் சார்ல்ஸ் டிக்ஸுக்கும் அதே மேசைதான்! உள்ளே வரும்போதெல்லாம் ஷெரிஃப் ஸ்ட்ரைடர் அவர்களைப் பார்த்து இழிசொல்லால் வணக்கம் சொல்வார்.

அரசுத் தரப்பில் வலுவான சாட்சிகள் இல்லை. கொலை நடந்த கொட்டகைப் பக்கம் இருந்த பண்ணைத் தொழிலாளர்கள் எதையோ பார்த்திருக்கிறார்கள் என்ற தகவல், மவுண்ட் பேயூ என்ற கறுப்பின ஊரைச் சேர்ந்த டாக்டர் ஹவர்ட் வழியாக நிருபர்களுக்கு எட்டியது. எந்த நிருபருக்கும் கனவில் வருகிற செய்தி. அச்சில் வந்தால் அந்தத் தொழிலாளர்கள் பிழைக்க மாட்டார்கள். எனவே வெளியிடாமல் வைத்திருந்து, இரவோடு இரவாகப் பண்ணைகளுக்குக் கார் ஓட்டிச் சென்று, பயந்து ஒளிந்திருந்தவர்களைத் தேடிப் பேசி அழைத்து வந்தார்கள். 18 வயது வில்லி ரீட் அப்படித்தான் கூண்டில் ஏறினார். சாட்சி சொன்ன கையோடு அவரை ரகசியமாகச் சிகாகோவுக்கு அனுப்ப வேண்டியிருந்தது.

வெள்ளைக்கார ஆண்கள் மட்டுமே இருந்த ஜூரி 67 நிமிடங்களில், குற்றம் சாட்டப்பட்ட வெள்ளைக்காரர் இருவரையும் விடுவித்தது. பிறகு மறுமுறை வழக்குத் தொடர முடியாது என்ற பாதுகாப்பில், கொன்றது நாங்கள்தான் என்று அவர்களே 1956இல் ஒரு பெரிய பத்திரிகையிடம் காசு வாங்கிக்கொண்டு சொன்னார்கள். செய்தியாளர் சாட்சி தேடிப் போகலாமா, அது தொழில் தர்மமா என்று கேட்பவர்கள் உண்டு. ஷெரிஃபே சாட்சிகளை மறைக்கிற ஊரில் அந்தக் கேள்விக்கு நான் பெரிய மதிப்புத் தர மாட்டேன்.

நிருபர்கள் தாக்கப்பட்டார்களா?

1957 செப்டம்பர் 23, ஆர்கன்சா மாநிலத்தின் லிட்டில் ராக். அதுவரை வெள்ளையர் மட்டுமே படித்த சென்ட்ரல் உயர்நிலைப் பள்ளிக்கு ஒன்பது கறுப்பின மாணவர்கள் வரும் நாள். அலெக்ஸ் வில்சன், ஹிக்ஸ், மோசஸ் நியூசன், படக்காரர் எர்ல் டேவி ஆகியோரைக் கூட்டம் சூழ்ந்தது. மற்றவர்கள் தப்பினார்கள்; உயரமான வில்சன் ஓடவில்லை. அதற்கு முன் ஒருமுறை க்ளான் என்ற வெள்ளை இனவெறி அமைப்பின் ஆட்களுக்குப் பயந்து ஓடியதாகவும், இனி ஓடுவதில்லை என்று முடிவெடுத்ததாகவும் சொன்னவர் அவர். உதைத்தார்கள். கீழே விழுந்த தொப்பியை எடுத்தார், தூசி தட்டி மடிப்பைச் சரிசெய்தார், நடந்தார். முதுகில் ஏறினார்கள், செங்கல்லால் அடித்தார்கள். கோட்டுப் பொத்தானைக்கூடக் கழற்றவில்லை. கூட்டத்தின் கவனம் இங்கே இருக்க, மாணவர்கள் பக்கவாட்டுக் கதவு வழியாக உள்ளே போய்விட்டார்கள். அந்தப் படங்கள் நாடெங்கும் வந்தன. மறுநாள் அதிபர் ஐசனோவர் ராணுவத்தை அனுப்பினார். வில்சன் 1960இல், 51 வயதில் இறந்தார்.

நியூசன் 1961 மே 14 அன்று அலபாமாவின் ஆனிஸ்டனில் கொளுத்தப்பட்ட, பஸ் பயணத்தில் நிறப் பாகுபாட்டை எதிர்த்துக் கிளம்பிய ‘விடுதலைப் பயண’ பஸ்ஸுக்குள்ளேயே இருந்தார். புக்கர் இன்னொரு பஸ்ஸில்.

வெள்ளை மாளிகைக்குள் இவர்களை விட்டார்களா?

1944 பிப்ரவரியில்தான் ஹாரி மக்கால்பின் முதன்முதலாக அதிபரின் செய்தியாளர் கூட்டத்தில் நுழைந்தார். உள்ளே நெரிசல், நீங்கள் யார் காலையாவது மிதித்துக் கலவரமாகிவிடலாம், வெளியிலேயே இருங்கள், குறிப்புகளைத் தருகிறோம் என்றார் நிருபர் சங்கத் தலைவர். மக்கால்பின் கேட்கவில்லை, போனார்.

பத்து ஆண்டுகள் கழித்து டிஃபெண்டரின் எத்தல் பெய்ன், மாநிலங்களுக்கிடையிலான பயணத்தில் பாகுபாட்டை எப்போது ஒழிக்கப்போகிறீர்கள் என்று ஐசனோவரிடம் கேட்டார். எந்தத் தனிக் குழுவுக்கும் சலுகை காட்ட முடியாது என்று அதிபர் சிடுசிடுத்தார். அந்தச் சிடுசிடுப்பு மறுநாள் எல்லாப் பத்திரிகைகளிலும் செய்தி. அதன் பிறகு பெய்னைக் கேள்வி கேட்க அழைப்பது குறைந்தது. 1955இல் நேருவும் சுகர்னோவும் கூடிய பாண்டுங் மாநாட்டுக்கும் அவர் நேரில் சென்று எழுதினார்.

எல்லாக் கறுப்பினப் பத்திரிகைகளும் போராட்டத்தின் பக்கம் நின்றனவா?

நிற்கவில்லை. ‘அட்லாண்டா டெய்லி வேர்ல்ட்’ நல்ல பெயரெடுத்த நாளிதழ். 1960இல் கறுப்பினத்தவருக்குப் பரிமாற மறுத்த உணவகங்களில் மாணவர்கள் உட்கார்ந்து போராடியபோது அதை ஆதரிக்கவில்லை. போராட்டத்துக்கு இலக்கான கடைகள் அதன் விளம்பரதாரர்கள். வெறுத்துப்போன மாணவர்களும் ஆதரவாளர்களும் ‘அட்லாண்டா இன்க்வயரர்’ என்று புதிதாக ஒன்றைத் தொடங்கினார்கள். ‘ஜாக்சன் அட்வகேட்’ ஆசிரியர் பெர்சி கிரீன் இன்னும் கீழே இறங்கினார். ஒருகாலத்தில் கறுப்பினத்தவரின் வாக்குரிமைக்கு எழுதியவர், பாகுபாட்டைக் காப்பதற்கென்றே மிசிசிப்பி அரசு வைத்திருந்த ஆணையத்திடம் பணம் பெற்றார்.

மறுபக்கம் லிட்டில் ராக்கில் டெய்சி பேட்ஸும் கணவர் எல்.சி. பேட்ஸும் நடத்திய ‘ஆர்கன்சா ஸ்டேட் பிரஸ்’. அந்த ஒன்பது மாணவர்களுக்குத் துணைநின்றவர் டெய்சி. விளம்பரங்கள் ஒவ்வொன்றாக விலகின. 1959இல் பத்திரிகை மூடப்பட்டது. கிரீனைத் திட்டுவது எளிது. பேட்ஸ் கொடுத்த விலையைப் பார்த்தபின் திட்டினால் இன்னும் நியாயமாக இருக்கும்.

வெற்றிக்குப் பிறகு ஏன் தேய்ந்தன?

வெற்றியால்தான். 1965 ஆகஸ்டில் லாஸ் ஏஞ்சலிஸின் வாட்ஸ் பகுதியில் கலவரம் வெடித்தபோது ‘லாஸ் ஏஞ்சலிஸ் டைம்ஸ்’ உள்ளே அனுப்ப ஒரு கறுப்பின நிருபர்கூட இல்லாமல், விளம்பரப் பிரிவில் இருந்த ராபர்ட் ரிச்சர்ட்சன் என்ற இளைஞரை அனுப்பியது. 1968இல் இத்தகைய கலவரங்களை ஆராய்ந்த கெர்னர் ஆணையம் பெரிய பத்திரிகைகளைக் கடுமையாகக் கண்டித்தது. அவர்கள் ஆள் எடுக்கத் தொடங்கினார்கள், யாரை எடுப்பார்கள்? கறுப்பினப் பத்திரிகைகளில் தேறியவர்களை, அதைவிட அதிகச் சம்பளத்துக்கு. வசதியான வாசகர்கள் புறநகருக்குப் போனார்கள், மற்றவர்களுக்குத் தொலைக்காட்சி வந்துவிட்டது.

இன்று படிக்கக் கிடைக்கின்றனவா?

1892இல் பால்டிமோரில் தொடங்கிய ‘ஆஃப்ரோ-அமெரிக்கன்’, 1909இல் நியூயார்க்கில் தொடங்கிய ‘ஆம்ஸ்டர்டாம் நியூஸ்’ இன்னும் வருகின்றன. டிஃபெண்டர் 2019 ஜூலையில் அச்சை நிறுத்தி இணையத்தோடு நின்றுகொண்டது. அதே மாதம் ‘எபனி’, ‘ஜெட்’ இதழ்களின் படக் களஞ்சியம் ஏலத்துக்கு வந்தது. நான்கு அறக்கட்டளைகள் சேர்ந்து மூன்று கோடி டாலருக்கு வாங்கின, பொதுமக்கள் பார்வைக்காக. ‘ஃப்ரீடம்ஸ் ஜர்னல்’ 103 இதழ்களையும் விஸ்கான்சின் வரலாற்றுச் சங்கம் இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் பழைய நாளிதழ்த் தொகுப்பிலும் பல ஊர்ப் பத்திரிகைகள் உண்டு. தொடங்குபவர்களுக்கு என் யோசனை: தலையங்கங்களைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம், முதலில் வாசகர் கடிதங்களையும் விளம்பரங்களையும் படியுங்கள்.